டெண்டர் மாறினால் அழியும் சர்விஸ்: பேராக் தொழிலாளரின் நிரந்தர வேலை உரிமை

ஈப்போவின் அரசாங்க மருத்துவமனையிலோ பள்ளிக்கூடங்களிலோ தரை துடைக்கும், கழிப்பறை கழுவும் பெண்களிடம் சொந்த இடம் எது என்று கேட்டால், பலருடைய பேச்சு ஏதாவதொரு தோட்டத்தில் போய் நிற்கும். சுங்கை சிப்புட் பக்கத்து எல்பில், டோவன்பி, கமுனிங்; பத்து காஜாவுக்கு அருகே கிந்தா கெல்லாஸ். அம்மா பால்மரம் வெட்டினார், அப்பா வெளிக்காட்டில் மருந்தடித்தார். தோட்டம் கைமாறியது, அல்லது ரப்பரை அழித்துச் செம்பனை போட்டார்கள். குடும்பம் புந்தோங்குக்கோ செம்மோருக்கோ வந்து சேர்ந்தது. மகள் துடைப்பத்தைக் கையில் எடுத்தாள். இரண்டு தலைமுறையின் கதை பெரும்பாலும் இவ்வளவில் அடங்கிவிடுகிறது.

இவர்களுக்குச் சம்பளம் குறைவு என்பது எல்லாரும் அறிந்த குறை. அதைப் பற்றி மேடையில் பேசுகிறார்கள், பத்திரிகையில் எழுதுகிறார்கள். ஆனால் கண்ணில் படாத இன்னொரு நஷ்டம் இருக்கிறது: உழைத்த ஆண்டுகளே கணக்கிலிருந்து காணாமல் போவது. நிரந்தர வேலை உரிமை என்று நாம் பேசுவதன் உயிர்நாடி அங்கேதான் இருக்கிறது என்பது என் கருத்து.

ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஒரு பெண் ஒரே பள்ளிக்கூடத்தில் 20 ஆண்டுகள் துப்புரவு வேலை செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். 1955-ஆம் ஆண்டு வேலைவாய்ப்புச் சட்டப்படி, சர்விஸ் 2 ஆண்டுக்குக் குறைவாக இருந்தால் வருடத்துக்கு 8 நாள் சம்பளத்துடன் விடுப்பு. 2 முதல் 5 ஆண்டு வரை 12 நாள். 5 ஆண்டைத் தாண்டினால் 16 நாள். அவருடைய சர்விஸைத் தொடர்ச்சியாக எண்ணினால் இருபதாண்டில் 292 நாள் வருகிறது. ஆனால் பள்ளிக்கூடத் துப்புரவுக் குத்தகை 3 ஆண்டுக்கொரு முறை வேறு நிறுவனத்துக்குப் போய், ஒவ்வொரு தடவையும் அவர் புதிதாகச் சேர்ந்தவராக எழுதப்பட்டால், கிடைப்பது 184 நாள்தான். 108 நாள் ஓய்வு பறிபோகிறது. நோய் விடுப்பும் இதே படிக்கட்டில்தான் ஏறுகிறது: 14 நாள், 18 நாள், 22 நாள். ஐம்பது வயதைத் தாண்டி முட்டி வலியோடு வாளி தூக்குகிறவருக்கு 22 நாள் நோய் விடுப்பு தேவைப்படும் காலத்தில், சட்டத்தின் கண்ணில் அவர் 14 நாளுக்குரிய புது ஆள்.

வேலை போனால் நிலைமை இன்னும் மோசம். 1980-ஆம் ஆண்டின் பணிநீக்க, வேலைநிறுத்திவைப்பு நலன் விதிமுறைகள், சர்விஸ் 2 ஆண்டுக்குக் குறைந்தவருக்கு ஆண்டுக்கு 10 நாள் கூலியும், 5 ஆண்டு வரையுள்ளவருக்கு 15 நாள் கூலியும், அதற்கு மேற்பட்டவருக்கு 20 நாள் கூலியும் இழப்பீடாகக் கொடுக்கச் சொல்கின்றன. இருபதாண்டுக்கு 400 நாள் கூலி ஆகிறது. 2025 பிப்ரவரியில் நடப்புக்கு வந்த 1,700 ரிங்கிட் குறைந்தபட்ச மாதச் சம்பளத்தை வைத்துப் பார்த்தால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 56 ரிங்கிட். மொத்தம் 22,000 ரிங்கிட்டுக்கு மேல். அதே பெண்ணின் கடைசி 3 ஆண்டை மட்டும் எண்ணினால் 45 நாள் கூலி, அதாவது 2,500 ரிங்கிட் சொச்சம். குத்தகைக் காலம் தானாக முடிந்தது, யாரும் யாரையும் நீக்கவில்லை என்று சொல்லி அதையும் கொடுக்காமல் தட்டிக்கழிக்க முடிகிறது. 2018-இல் நடப்புக்கு வந்த வேலைக் காப்புறுதித் திட்டத்துக்கு இவர் சம்பளத்திலிருந்தும் மாதாமாதம் பிடிக்கிறார்கள். ஆனால் குறித்த கால ஒப்பந்தம் முடிந்து வேலை போவதை அந்தத் திட்டம் வேலையிழப்பாகவே ஏற்பதில்லை.

இனி, என்னை மிகவும் உறுத்துகிற ஓர் இடத்துக்கு வருகிறேன். அதே 1980 விதிமுறைகளில் 8-ஆவது விதி ஒன்று உண்டு. ஒரு தொழில் விற்கப்பட்டு உரிமையாளர் மாறினால், புதிய உரிமையாளர் 7 நாளுக்குள், முன்பிருந்ததற்குக் குறையாத நிபந்தனைகளோடு அதே தொழிலாளருக்கு வேலை தரவேண்டும். இல்லையென்றால் பழையவர் இழப்பீடு கொடுக்கவேண்டும். புதியவரிடம் வேலை தொடர்ந்தால், பழையவரிடம் உழைத்த காலமும் சேர்த்தே எண்ணப்படும். உரிமை மாற்றத்தால் சர்விஸ் அறுபடாது. அதாவது தோட்டம் விலை போனால் மரங்களோடு தொழிலாளியின் ஆண்டுகளும் புதிய முதலாளியிடம் போகும். ஆனால் ஒரு பள்ளிக்கூடத்தின் துப்புரவுக் குத்தகை ஒரு நிறுவனத்திடமிருந்து இன்னொன்றுக்குப் போகும்போது யாரும் யாருக்கும் எதையும் விற்பதில்லை. ஒருவர் டெண்டரில் தோற்கிறார், மற்றவர் ஜெயிக்கிறார். விற்பனை இல்லாததால் 8-ஆவது விதிக்கு அங்கே வேலை இல்லை. பள்ளி அதேதான், கழிப்பறை அதேதான், துடைக்கும் கையும் அதேதான். ஆண்டுகள் மட்டும் பூஜ்யமாகின்றன.

தோட்டத்துக்குப் பாதுகாப்பு எழுதத் தெரிந்த சட்டம் டெண்டரை ஏன் மறந்தது? விதிமுறை எழுதப்பட்ட 1980-இல் அரசாங்க மருத்துவமனையின் துப்புரவாளர் அரசாங்க ஊழியர். அவருக்குக் குத்தகைக்காரர் ஒருவர் வருவார் என்று அப்போது யாரும் எண்ணியிருக்க மாட்டார்கள். தோட்டத்துக்கு அந்தப் பாதுகாப்பு எப்படி வந்தது என்பதற்குக் கொஞ்சம் பின்னோக்கிப் போகவேண்டும்.

பேராக்கின் ரப்பர் கதை 1877-இல் கோலகங்சாரில் பிரிட்டிஷ் ரெசிடென்ட் ஹியூ லோ நட்ட கன்றுகளோடு தொடங்குகிறது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரப்பர் விலை ஏற, தோட்டங்கள் பெருகின. கங்காணிகள் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து ஆள் கூட்டி வந்தார்கள். 1910-இல் சஞ்சிக்கூலி என்ற ஒப்பந்தக் கூலி முறை ஒழிக்கப்பட்ட பிறகு வந்தவர்கள் பெயரளவில் சுதந்திரத் தொழிலாளர்கள். விடியுமுன் பெரட்டுக் களத்தில் பெயர் கூப்பிட்டு, கணக்கரான கிராணி செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் குறித்தால் அன்றைக்குக் கூலி உண்டு. மழை பெய்து மரம் நனைந்தால் பால்வெட்டு இல்லை, கூலியும் இல்லை. மரம் இலை உதிர்க்கும் மாதங்களில் பால் வற்றும், கூலியும் வற்றும். 1930-களின் தொடக்கத்தில் உலகச் சந்தையில் ரப்பர் விலை விழுந்தபோது பல்லாயிரக்கணக்கானோரைக் கப்பலேற்றித் திருப்பி அனுப்பினார்கள். லயத்து வீடு, ஆயாக்கொட்டகை, தமிழ்ப்பள்ளி, மாரியம்மன் கோயில் என்று ஒரு முழு வாழ்க்கை அங்கே வேரூன்றியிருந்தது. ஆனால் அந்த வாழ்க்கையைத் தாங்கி நின்ற வேலை ஒவ்வொரு நாளும் காலையில் புதிதாகக் கிடைக்கவேண்டியதாக இருந்தது.

போருக்குப் பிறகு எழுந்த தொழிற்சங்க அலையைப் பேராக் மறக்கமுடியாது. 1948 ஜூன் 16-ஆம் தேதி சுங்கை சிப்புட் வட்டாரத்தில் மூன்று ஐரோப்பியத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள், அவசரகாலம் வந்தது. அதையொட்டிய வாரங்களில் தொழிற்சங்கச் சட்டம் இறுக்கப்பட்டது, அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனம் பதிவை இழந்தது. அதன் தலைவராக இருந்த எஸ்.ஏ. கணபதி 1949 மே 4-இல் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். நாள்கூலித் தொழிலாளரின் குரலாக இருந்த ஒரு தலைமுறைத் தலைவர்கள் இப்படிச் சிறைக்கும் கப்பலுக்கும் காட்டுக்கும் தூக்குமேடைக்கும் போனார்கள். 1954-இல் ஐந்து சங்கங்கள் சேர்ந்து பி.பி. நாராயணன் தலைமையில் உருவான தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம், நிதானமான பேச்சுவார்த்தைப் பாதையில் போனது. அது போதாது என்று குறை சொன்னவர்கள் உண்டு. அந்தக் குறையில் நியாயமும் உண்டு. ஆனாலும் அக்காலத்தில் எழுதப்பட்ட ஒரு வரியை இன்றைக்கும் நாம் எடுத்துப் படிக்கவேண்டும்.

1955 சட்டத்தின் 16-ஆவது பிரிவு அது. தோட்டத்தில் நாள் கணக்கில் கூலி வாங்கும் தொழிலாளிக்கு முதலாளி மாதத்தில் 24 நாளுக்குக் குறையாமல் வேலை கொடுக்கவேண்டும். கொடுக்க முடியாமல் போனால் அந்த நாட்களுக்கும் அதே விகிதத்தில் கூலி கொடுக்கவேண்டும். செக்ரோலில் எப்படி எழுதினாலும் சரி, இந்த ஆளின் வாழ்க்கை மாதக் கணக்கில் ஓடுகிறது என்பதைச் சட்டமே ஒப்புக்கொண்டது. மாதச் சம்பளம் கேட்டு தோட்டத் தொழிலாளர் நடத்திய போராட்டங்கள், 1990-ஆம் ஆண்டின் பெரிய வேலைநிறுத்தம் உட்பட, அந்த ஒப்புதலை முழுமையாக்கக் கேட்டவைதான்.

சட்டத்தில் இருப்பது ஒன்று, நிலத்தில் நடப்பது வேறு. 1950-களிலேயே தோட்டத் துண்டாடல் ஆரம்பித்தது. வெளியேற விரும்பிய ஐரோப்பியக் கம்பெனிகள் விற்ற தோட்டங்களை வாங்கியவர்கள், அவற்றைச் சிறு துண்டுகளாக்கிப் பலருக்கு விற்றார்கள். அதன் விளைவுகளைப் பொருளியல் அறிஞர் உங்கு அசிஸ் 1960-களின் தொடக்கத்தில் ஆராய்ந்து எழுதினார். துண்டு நிலத்தை வாங்கியவருக்கு லயமும் வேண்டாம், செக்ரோலும் வேண்டாம். குத்தகையாள் ஒருவர் போதும். சுங்கை சிப்புட்டில் பிறந்து, அத்தொகுதியை நாடாளுமன்றத்தில் பிரதிநிதித்த துன் வீ.தி. சம்பந்தன், 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியது இதற்குத்தான். தோட்டத் தொழிலாளர்கள் தங்கள் கூலியிலிருந்து சிறுகச் சிறுகப் பங்குப் பணம் கட்டினார்கள். விற்பனைக்கு வந்த தோட்டங்களைச் சங்கம் வாங்கியது. தொழிலாளியின் வேலையைக் காப்பாற்ற அவரையே பங்குதாரராக்கும் அந்த யோசனையின் துணிச்சலை நாம் இன்னும் சரியாக மதிப்பிடவில்லை என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனால் ஒரு கூட்டுறவுச் சங்கம் எத்தனை தோட்டங்களைத்தான் வாங்கமுடியும்? 1969-இல் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதி கட்டாயமானபோது ஏறத்தாழ அறுபதாயிரம் இந்தியர்கள் நாட்டைவிட்டுப் போனார்கள். முப்பது ஆண்டு பால்மரம் வெட்டியவர் ஒரே நாளில் வெளிநாட்டுத் தொழிலாளி ஆனார். பிறகு செம்பனை, வீடமைப்புத் திட்டங்கள், வெளிநாட்டுத் தொழிலாளர் வரவு. எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் தோட்டங்களைவிட்டு வெளியேறிய இந்தியர்கள் மூன்று லட்சம் என்று ஒரு மதிப்பீடு பலரால் எடுத்தாளப்படுகிறது.

தோட்டத்துக்கு வெளியே, அரசாங்க நாள்கூலிகளின் வரலாறு வேறு மாதிரி போனது. 1962 டிசம்பரில் மலாயா ரயில்வே தொழிற்சங்கம் வேலைநிறுத்தத்தில் இறங்கியது. 1963 ஜனவரி வரை, மூன்று வாரத்துக்கும் மேல் ரயில்கள் நின்றன. நாள்கூலியாக இருப்பவர்களை மாதச் சம்பளத்துக்கு மாற்று என்பதே அதன் மையக் கோரிக்கை. தண்டவாளம் போட்டவர்களிலும் பராமரித்தவர்களிலும் தமிழர்கள் எவ்வளவு பேர் என்பதை ஈப்போவில் யாருக்கும் சொல்லவேண்டியதில்லை. மாதச் சம்பளம், ஓய்வூதியம், மருத்துவ வசதி என்று அரசாங்க வேலை கடைநிலை ஊழியருக்கும் ஒரு மரியாதையைக் கொடுத்த காலம் அது. மருத்துவமனைத் துப்புரவாளர், பள்ளிக்கூடத் தோட்டக்காரர், பொதுப்பணி இலாகா சாலைத் தொழிலாளி ஆகியோரின் பிள்ளைகள் ஆசிரியராகவும் தாதியாகவும் ஆனதற்கு அந்த நிரந்தர வருமானமே அடித்தளம். நம் சமூகத்தின் நடுத்தர வர்க்கத்தில் கணிசமான ஒரு பகுதி அப்படித்தான் எழுந்தது.

அந்தக் கதவு தொண்ணூறுகளில் சாத்தப்பட்டது. 1997-இல் அரசாங்க மருத்துவமனைகளின் துப்புரவு, சலவை, கழிவகற்றல், பராமரிப்பு வேலைகள் 15 ஆண்டுச் சலுகை ஒப்பந்தத்தில் மூன்று தனியார் நிறுவனங்களுக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டன. பின்பு பள்ளிக்கூடங்களின் துப்புரவும் காவலும் குத்தகைக்குப் போயின. தோட்டத்திலிருந்து நகரத்துக்கு வந்த பெண்களுக்கு அரசாங்கக் கட்டடத்துக்குள் வேலை கிடைத்தது. அரசாங்க வேலை கிடைக்கவில்லை.

2020 ஜூன் 2-ஆம் தேதி, கோவிட் நடமாட்டக் கட்டுப்பாடு நடப்பில் இருந்த நேரத்தில், ஈப்போ ராஜா பெர்மைசூரி பைனுன் மருத்துவமனைக்கு முன்னால் மருத்துவமனை ஆதரவுச் சேவைத் தொழிலாளர் சங்கத்தினர் சிலர் பதாகை ஏந்தி நின்றார்கள். துப்புரவுத் தொழிலாளர்களின் சங்க உரிமை மதிக்கப்படவில்லை, அவர்கள் நடத்தப்படும் விதம் சரியில்லை என்பது அவர்களின் புகார். சங்கத்தின் நிர்வாகச் செயலாளர் எம். சரஸ்வதி உட்பட ஐந்து பேரைப் போலீஸ் கைது செய்தது. கொரோனா வார்டைக் கழுவியவர்களை நாடே முன்களப் பணியாளர் என்று போற்றிக்கொண்டிருந்த வாரங்கள் அவை.

அடுத்த ஆண்டு, 2021 ஜூலை 26-இல், நாடு முழுவதும் ஒப்பந்த மருத்துவர்கள் ஹர்த்தால் நடத்தினார்கள். 2016 டிசம்பரிலிருந்து புதிய மருத்துவர்களை நிரந்தரப் பதவியில் அமர்த்தாமல் ஒப்பந்தத்தில் எடுக்கும் முறைக்கு எதிரான வெளிநடப்பு அது. நியாயமான போராட்டம், மருத்துவர்களுக்கு மக்கள் ஆதரவு திரண்டது, நாடாளுமன்றம் பேசியது. அதே கட்டடத்தின் தரையைத் துடைப்பவர்களும் ஒப்பந்தத்தில்தான் இருக்கிறார்கள் என்பது அந்த விவாதத்தில் பெரிதாக எழவில்லை. இந்த வருத்தத்தை நான் மறைக்க விரும்பவில்லை.

ஆனாலும் பேசியவர்கள் இருந்தார்கள். 2008 முதல் 2018 வரை சுங்கை சிப்புட் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த டாக்டர் ஜெயக்குமார் தேவராஜும் அவர் சார்ந்த மலேசிய சோசலிசக் கட்சியும், தோட்டத் தொழிலாளரிடையே தொடங்கிய வேலையைக் குத்தகைத் தொழிலாளரிடமும் கொண்டுபோனார்கள். அரசாங்கக் குத்தகைத் தொழிலாளர் கூட்டமைப்பு, குத்தகை முறையை ஒழித்து இவர்களை நிரந்தரமாக எடுத்துக்கொள்ளுங்கள் என்று மனுமேல் மனுவாகக் கொடுத்து வருகிறது.

நீதிமன்றத்துக்குப் போகலாமே என்று சிலர் கேட்பார்கள். மலேசிய நீதிமன்றங்கள் இந்த விஷயத்தில் கண்ணை மூடிக்கொண்டிருக்கவில்லை. அரசமைப்புச் சட்டத்தின் 5-ஆவது பிரிவு காக்கும் உயிர் வாழும் உரிமையில் வாழ்வாதாரமும் அடங்கும் என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 1996-இல், டான் தெக் செங் வழக்கில், நீதிபதி கோபால் ஸ்ரீராம் எழுதிய தீர்ப்பில் சொன்னது. 2020-இல் எய்ம்ஸ் சைபர்ஜெயா வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் இன்னும் நேரடியாகவே பேசியது. குறித்த கால ஒப்பந்தம் என்று தாளில் எழுதியிருந்தாலும், அது திரும்பத் திரும்பப் புதுப்பிக்கப்பட்டிருந்தால், இரு தரப்பின் எண்ணம், முதலாளி நடந்துகொண்ட விதம், வேலையின் தன்மை ஆகியவற்றைப் பார்த்து உண்மையில் அது நிரந்தர வேலையா என்று முடிவு செய்யவேண்டும் என்றது. ஒரே குழுமத்தின் இரண்டு நிறுவனங்களிடம் அடுத்தடுத்து வேலை செய்ததையும் அது தொடர்ச்சியாகவே எடுத்துக்கொண்டது.

அருமையான தீர்ப்பு. ஆனால் அது யாருக்கு உதவும்? ஒரே முதலாளியிடம், அல்லது ஒரே குழுமத்திடம் இருந்தவருக்கு. நம்முடைய பள்ளிக்கூடத் துப்புரவாளரின் பழைய நிறுவனமும் புதிய நிறுவனமும் ஒன்றுக்கொன்று போட்டியாளர்கள். அவர்களைக் குழுமம் என்று எப்படி வாதிடுவது? மேலும் நியாயமற்ற பணிநீக்கப் புகாரை 60 நாளுக்குள் கொடுக்கவேண்டும். புதிய நிறுவனம் அதே பள்ளியில் வேலை கொடுத்துவிடுகிறது. கையெழுத்துப் போடு என்கிறது. புகார் கொடுக்கப் போனால் அந்த வேலையும் போகும் என்பது அவருக்குத் தெரியும். ஆகவே கையெழுத்துப் போடுகிறார். அந்தக் கையெழுத்தோடு பழைய ஆண்டுகள் முடிந்தன.

தமிழ்நாடு இந்தப் பிரச்சினையை ஓர் எண்ணால் அணுகியது. 1981-இல் இயற்றிய, தொழில் நிறுவனங்களில் தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டம், 24 மாதங்களில் 480 நாள் தொடர்ந்து வேலை பார்த்தவரை நிரந்தரமாக்கவேண்டும் என்கிறது. தொழிற்சங்கக்காரர்கள் வாயில் 480 நாள் என்பது மந்திரம் போலப் புழங்கும். அதன் பலமும் பலவீனமும் அந்த எண்தான். எண் நெருங்கும்போது செயற்கையாக ஓர் இடைவெளி கொடுத்து மறுபடி எடுப்பது, பயிற்சியாளர் என்று பெயர் சூட்டுவது, இடையில் ஒரு குத்தகைக்காரரை நிறுத்துவது என்று வழிகள் கண்டுபிடிக்கப்பட்டன. அரசுத் துறைகளிலோ நிலைமை வேறு: 2006-இல் உமாதேவி வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, நீண்டகாலத் தற்காலிகச் சேவை மட்டுமே நிரந்தர உரிமை தராது என்றது; அத்தோடு, பத்தாண்டைத் தாண்டியவர்களை ஒருமுறை நடவடிக்கையாக ஒழுங்குபடுத்தவும் சொன்னது. அரசுகள் முன்பாதியைப் பிடித்துக்கொண்டு பின்பாதியை மறந்தன. 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில் அதே நீதிமன்றம் இந்தப் போக்கைக் கண்டித்து, மத்திய நீர் ஆணையத்தில் பல்லாண்டு துப்புரவு வேலை பார்த்தவர்களை ஒழுங்குபடுத்த உத்தரவிட்டது. ஆனாலும் 2025 ஆகஸ்டில், இரண்டு மண்டலங்களின் துப்புரவு தனியாருக்குக் கொடுக்கப்பட்டதை எதிர்த்துச் சென்னை மாநகராட்சியின் தலைமையகமான ரிப்பன் மாளிகை முன்னால் உட்கார்ந்த தூய்மைப் பணியாளர்களைப் போலீஸ் நள்ளிரவில் அப்புறப்படுத்தியது. எண் மட்டும் போதாது, குத்தகைக்காரர் வழியாக நுழையும் ஓட்டையையும் அடைக்கவேண்டும் என்பது இதிலிருந்து நாம் கற்கவேண்டியது.

அந்த ஓட்டையை அடைத்த நாடு, நம் தொழிலாளர் சட்டங்களின் மூலநாடான பிரிட்டன். அங்கே 2006-இல் திருத்தி எழுதிய தொழில் கைமாற்ற விதிமுறைகள், விற்பனையோடு சேவைக் குத்தகை மாற்றத்தையும் வெளிப்படையாகவே சேர்த்துக்கொண்டன. துப்புரவுக் குத்தகை ஒரு நிறுவனத்திடமிருந்து இன்னொன்றுக்குப் போனால், அந்த வேலைக்கென்றே ஒதுக்கப்பட்டிருந்த தொழிலாளர்கள் தங்கள் சம்பளத்தோடும் விடுப்போடும் சர்விஸோடும் புதியவரிடம் போவார்கள். டெண்டர் போடுகிற நிறுவனங்களுக்கு இது முன்கூட்டியே தெரியும். அதையும் சேர்த்தே விலை சொல்லும்.

நம் நாட்டில் இதற்கு வரக்கூடிய மறுப்பு எதுவென்று எளிதில் ஊகிக்கலாம். குத்தகை நிறுவனங்கள் சிறியவை, பழைய இருபதாண்டின் பளுவைப் புதிதாக வந்தவர் தலையில் எப்படிக் கட்டுவது? கேள்வி நியாயமானது. பதிலும் கடினமில்லை. ஆண்டுக்கு 20 நாள் கூலி என்பது சம்பளத்தில் ஏறத்தாழ ஐந்தரை விழுக்காடு. குத்தகைத் தொகையில் அதைத் தனிப் பத்தியாகக் காட்டி, மாதாமாதம் தொழிலாளியின் பெயரில் சமூகப் பாதுகாப்பு நிறுவனமான சொக்சோவிடம் கட்டச் செய்யலாம். நிறுவனம் மாறலாம், பணமும் ஆண்டுகளும் தொழிலாளியோடு இருக்கும். செலவு கூடும் என்பது உண்மை. ஆனால் அந்தச் செலவு இப்போதும் இருக்கத்தான் செய்கிறது. ஓய்வூதியம் இல்லாமல் அறுபது வயதில் வெளியே வரும் பெண்ணும் அவருடைய பிள்ளைகளும் அதைச் சுமக்கிறார்கள்.

இன்னொரு விஷயம். எத்தனை நாளுக்குப் பிறகு ஒரு வேலையைத் தற்காலிகம் என்று சொல்லமுடியாது என்ற கேள்விக்கு மலேசியச் சட்டத்தில் ஒரு தடயம் ஏற்கனவே இருக்கிறது. 2013 ஜூலையில் நடப்புக்கு வந்த குறைந்தபட்ச ஓய்வு வயதுச் சட்டம், குறித்த கால ஒப்பந்தக்காரர்களை விலக்கும்போது, நீட்டிப்புகளையும் சேர்த்து 24 மாதத்துக்கு மேற்படாத ஒப்பந்தங்களை விலக்கியது. 24 மாதத்தைத் தாண்டியவரை வெறும் தற்காலிக ஆள் என்று நாடாளுமன்றமே கருதவில்லை. தமிழ்நாட்டுச் சட்டமும் அதே 24 மாதத்தைத்தான் எடுத்துக்கொண்டது. ஒரு வேலை இரண்டாண்டு தொடர்ந்து தேவைப்பட்டால் அது நிரந்தரத் தேவை. பள்ளிக்கூடத்துக் கழிப்பறை எந்த ஆண்டிலாவது கழுவத் தேவையில்லாமல் போகுமா?

அரசாங்கப் பள்ளிகளிலும் மருத்துவமனைகளிலும் துப்புரவை மீண்டும் நேரடி நியமனத்துக்குக் கொண்டுவருவதுதான் சரியான தீர்வு என்று நான் உறுதியாக நம்புகிறேன். 1997-க்கு முன்னால் அப்படித்தான் நடந்தது. மருத்துவமனைகள் அப்போதும் சுத்தமாக இருந்தன. அதற்கு அமைச்சரவை முடிவும் பட்ஜெட் ஒதுக்கீடும் வேண்டும், காலமெடுக்கும் என்பார்கள். சரி, அதுவரை செய்யக்கூடியதைச் செய்யட்டும். 1980 விதிமுறைகளின் 8-ஆவது விதியில், உரிமை மாற்றம் என்பதோடு சேவைக் குத்தகை மாற்றத்தையும் சேர்க்கவேண்டும். அது துணைச் சட்டம். நாடாளுமன்றத்தில் மசோதா கொண்டுவந்து ஓட்டெடுக்கவேண்டியதில்லை; வேலைவாய்ப்புச் சட்டத்தின் 60ஜே பிரிவு கொடுத்த அதிகாரத்தில் மனிதவள அமைச்சரே செய்யலாம். விடுப்புக்கும் நோய் விடுப்புக்கும் சட்டத் திருத்தம் தேவைப்படும். ஆனால் பழைய தொழிலாளரைப் பழைய சர்விஸோடு எடுத்துக்கொள்ளவேண்டும் என்ற ஒரு நிபந்தனையை டெண்டர் ஆவணத்தில் எழுத எந்தச் சட்டத் திருத்தமும் தேவையில்லை. அந்த ஆவணத்தை எழுதுவது அரசாங்கமே.

பேராக்கிலிருந்து நாடாளுமன்றத்துக்குப் போகிறவர்கள் 24 பேர். கட்சி பேதம் பாராமல் அவர்களிடம் இதைக் கேளுங்கள். உங்கள் பிள்ளை படிக்கும் பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில், அங்கே துப்புரவு செய்பவர் எத்தனை ஆண்டாக இருக்கிறார், அவருடைய சம்பளச் சீட்டில் எத்தனை ஆண்டு சர்விஸ் எழுதியிருக்கிறது என்று கேளுங்கள். இரண்டு எண்ணும் ஒத்துப்போகவில்லையென்றால் தொழிலாளர் இலாகாவுக்கும் தொகுதி உறுப்பினருக்கும் எழுதுங்கள். குத்தகைத் தொழிலாளியாக இருப்பவர்கள், ஒவ்வொரு நிறுவனமும் கொடுத்த வேலைக் கடிதத்தையும் சம்பளச் சீட்டையும் ஊழியர் சேம நிதிக் கணக்கறிக்கையையும் பத்திரப்படுத்தி வையுங்கள். விதி திருத்தப்படும் நாளில் உங்கள் ஆண்டுகளை மெய்ப்பிக்க அவைதான் சாட்சி.